மூன்று வரலாற்றாசிரியர்கள், மூன்று ஜாக்சன்கள்

19ஆம் நூற்றாண்டு அமெரிக்க ஜனநாயகத்தைப் படிக்க ஆசை, யாரிடமிருந்து தொடங்கலாம் என்று கேட்பவர்களுக்கு நான் மூன்று பெயர்களைச் சொல்வேன். மூவருமே அமெரிக்க ஜனாதிபதி ஆண்ட்ரூ ஜாக்சன் (1829-1837) காலத்தை எழுதியவர்கள். ஆனால் ஒருவர் காட்டும் ஜாக்சனை இன்னொருவரிடம் பார்க்க முடியாது.

ஆர்தர் ஷ்லெசிங்கர் ஜூனியருக்குச் சின்ன வயதிலேயே புகழ் வந்துவிட்டது. 1945இல் வந்த 'த ஏஜ் ஆஃப் ஜாக்சன்' மறு ஆண்டே புலிட்சர் பரிசு வாங்கியபோது அவருக்கு வயது 28. பிறகு ஹார்வர்ட், அப்புறம் கென்னடியின் வெள்ளை மாளிகை. ஜாக்சனுக்குப் பின்னால் நின்றவர்கள் மேற்கு எல்லைக் குடியானவர்கள் மட்டுமில்லை, கிழக்கு நகரத் தொழிலாளர்களும்தான் என்று வாதிட்டார். எழுத்தில் அப்படியொரு வேகம். ஆனால் 1830இல் ஜாக்சன் கையெழுத்திட்ட பூர்வகுடி வெளியேற்றச் சட்டத்தைப் பற்றிப் புத்தகம் கிட்டத்தட்ட வாயே திறக்கவில்லை. அந்தச் சட்டத்தின் விளைவாக மண்ணைவிட்டு விரட்டப்பட்ட செரோக்கி பூர்வகுடியினரில் சுமார் 4,000 பேர் செத்துப்போனதாகக் கணக்கு. இதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

பிரின்ஸ்டன் பேராசிரியர் ஷான் விலென்ட்ஸ் கீழிருந்து தொடங்கினார். 1984இல் வந்த அவருடைய முதல் பெரிய நூல் நியூயார்க் கைவினைத் தொழிலாளர்களைப் பற்றியது. 1836இல் வேலைநிறுத்தம் செய்த தையல்காரர்கள் 20 பேரைச் சதிக் குற்றவாளிகள் என்றது நீதிமன்றம். ஆயிரக்கணக்கானோர் கண்டனக் கூட்டத்துக்குத் திரண்டார்கள். ஜனநாயகம் என்ற சொல்லை இந்த மாதிரி மனிதர்களின் வாயிலிருந்து கேட்கவைப்பது அவர் பலம். ஜெஃபர்சன் முதல் லிங்கன்வரை எழுதிய 2005 நூல் ஆயிரம் பக்கத்தைத் தாண்டும். வரலாற்று நூல்களுக்கான பான்கிராஃப்ட் பரிசு பெற்றது. அதில் பூர்வகுடி வெளியேற்றத்தை அவர் மறைக்கவில்லை. ஆனாலும் தராசு ஜாக்சன் பக்கமே சாய்கிறது.

டேனியல் வாக்கர் ஹவ் அவசரப்படாதவர். 1815 முதல் 1848 வரையிலான காலத்தை எழுதி, புலிட்சர் பெற்ற அவரது நூல் 2007இல் வந்தபோது அவருக்கு வயது 70. 1828 ஜனாதிபதித் தேர்தலில் ஜாக்சனிடம் தோற்ற ஜான் குவின்சி ஆடம்ஸின் நினைவுக்கு அதைச் சமர்ப்பித்திருக்கிறார். தபால், செய்தித்தாள், ரயில், தந்தி எல்லாம் அந்த நாட்டை எப்படி மாற்றின என்பதுதான் அவருக்கு முக்கியம். அந்தக் காலத்துக்குச் சூட்டப்படும் 'ஜாக்சன் ஜனநாயகம்' என்ற பெயரையே அவர் ஏற்கவில்லை. நியாயம்தான். 1821இல் நியூயார்க் வெள்ளை ஆண்களுக்குச் சொத்துத் தகுதியை ஏறக்குறைய எடுத்துவிட்டு, கறுப்பின ஆண்கள் வாக்களிக்க 250 டாலர் சொத்து வேண்டும் என்றது. வாசல் ஒருபக்கம் திறக்கும்போதே மறுபக்கம் சாத்தப்பட்ட காலம் அது.

என் ஓட்டு ஹவ்வுக்கு. முதலில் அவரைப் படியுங்கள். ஆனால் தையல் பட்டறையின் நெருக்கடியை விலென்ட்ஸ் அளவுக்குக் கிட்டப்போய் அவர் பார்க்கவில்லை. அதற்காக அந்த 1984 நூலையும் கையோடு எடுத்துக்கொள்ளுங்கள்.