ரங்கூன் மத்திய ரயில் நிலையம்: வழிகாட்டியோடா, தனியாகவா?

தமிழ்நாட்டிலிருந்து சொந்தக்காரர்கள் வந்தால் எங்கள் வீட்டில் எழும் கேள்வி இது. விவரம் தெரிந்த வழிகாட்டி இருந்தால் கட்டடமே பேசும். 1877இல் வெள்ளைக்காரர்கள் கட்டிய நிலையம் இரண்டாம் உலகப் போரில் அழிந்தது. இப்போது நிற்பது ஊ டின் என்ற பர்மியர் வடிவமைத்து 1954இல் கட்டி முடித்தது. பர்மியக் கோயில், அரண்மனைகளில் காணும் அடுக்குக் கூரையை ரயில் நிலையத்தின் தலையில் ஏற்றியிருக்கிறார், பாருங்கள்! சுதந்திரம் பெற்ற நாட்டின் பெருமை அதில் தெரிகிறது. சும்மா அண்ணாந்து பார்த்தால் அழகு மட்டும்தான் கண்ணில் படும்.

தனியாகப் போனால் செலவு குறைவு, அவசரமும் இல்லை. அப்புறம், நினைத்தவுடன் வட்ட ரயிலில் ஏறிவிடலாம். நகரைச் சுற்றும் அந்தப் பாதை சுமார் 46 கிலோமீட்டர். காய்கறிக் கூடைகளோடு ஏறுகிறவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து ஊரைப் பார்ப்பது தனிச் சுகம்.

முதல் தடவை வருகிறவர்களை நான் வழிகாட்டியோடுதான் அனுப்புவேன். ரயிலுக்கு மறுநாள் போகட்டும்.