துணை நடிகருக்கென ஒரு திரைப்பட வரிசை: கும்பகோணத்துத் திரையிடல்

கும்பகோணத்தில் ஒரு மண்டபத்து மாடியில் வார இறுதிகளில் அயல்நாட்டுப் படங்களைக் காட்டிவரும் சிறு அமைப்பொன்று, இம்முறை நாயகர்களை விட்டுவிட்டு, கொரியத் துணை நடிகர் யூ ஹே-ஜின் நடித்த நான்கு படங்களை 300 ரூபாய்ச் சந்தாவில் வரிசையாகத் திரையிட்டது. தேர்வுக்காகவே இத்தொகை தகும்.

2005இல் வந்த 'தி கிங் அண்ட் தி க்ளவுன்' படத்தில் அவர் அரண்மனைக்குள் நுழையும் தெருக்கூத்தாடிகளுள் ஒருவர். 2022இன் 'தி நைட் அவுல்' படத்திலோ அவரே பழைய கொரியாவை ஆண்ட இன்ஜோ மன்னர். இவ்விரண்டையும் முதலும் கடைசியுமாக வைத்ததில் அமைப்பாளர்களின் ரசனை தெரிகிறது. மன்னர் முன் நையாண்டி செய்து பிழைக்கப் பார்த்த அதே முகம், சொந்த மகன்மீதே ஐயம் கொண்டு அரியணையில் கோணி இழுத்துக்கொள்கிறது. மெலட்டூர் பாகவத மேளா நாட்டிய நாடகத்தில் வேடம் மாறுவதைப் பார்த்துப் பழகியவர்களுக்கும் இது வியப்பளிக்கும்.

இடையில் வந்தவை இரண்டும் 2017ஆம் ஆண்டுப் படங்கள். '1987' படத்தில், சிறையிலிருந்து ரகசியச் செய்திகளை அக்காள் மகளிடம் கொடுத்தனுப்பும் காவலராக, அதாவது தாய்மாமனாக வருகிறார், நன்று. ஆனால் என்னைக் கட்டிப்போட்டது 'எ டாக்ஸி டிரைவர்'. தென்கொரியாவின் குவாங்ஜு நகரில் ராணுவ ஆட்சியை எதிர்த்து 1980இல் மக்கள் நடத்திய எழுச்சியைப் பதிவுசெய்ய வந்த ஜெர்மானியச் செய்தியாளரையும், அவரை அழைத்துவந்த சியோல் ஓட்டுநரையும் தம் வீட்டில் உட்காரவைத்துச் சோறு போடும் உள்ளூர் டாக்ஸிக்காரர் அவர். சியோல்காரர் தப்பிச் செல்வதற்காக உள்ளூர் நம்பர் பிளேட்டைக் கொடுக்கும்போது, தியாகம் செய்கிறோம் என்ற பாவனை துளியும் இல்லாமல், பக்கத்து வயல்காரருக்கு மண்வெட்டி இரவல் தருபவரைப் போலத் தருகிறார். நாயகன் சாங் காங்-ஹோவின் நடிப்புக்கு அந்த இடத்தில் அடித்தளமாக நிற்பது இந்த எளிமைதான்.

குறைகளும் உண்டு. வெள்ளை எழுத்தில் வந்த தமிழ் வசன வரிகள் வெளிச்சமான காட்சிகளில் கண்ணுக்குத் தெரியவில்லை. அறிமுக உரை பாதிக்கதையைச் சொல்லிவிடுகிறது. மின்விசிறி இரைச்சலை இடைவேளைக் காபிக்காகப் பொறுத்துக்கொள்ளலாம்; ஆனால், வாய் ஓயாத சூதாடியாக அவர் கலகலக்கும் 2006இன் 'தாஜா'வை விட்டுவிட்டதைப் பொறுக்க முடியவில்லை. அதைப் பார்க்காதவர், இவரைத் துயரம் சுமக்கும் நடிகர் என்றே நினைத்துக்கொண்டு வீடு திரும்புவார். அடுத்த சுற்றில் அதையும், அவரே நாயகனாக நடித்த 2016இன் 'லக்கி'யையும் சேர்த்தால் மறுபடியும் சந்தா கட்டுவேன்.