வார்டுக்கே வந்து கையெழுத்து கேட்கும் கேஸ் புரோக்கர்: தஞ்சைப் பக்கத்து ஆட்களுக்கு ஓர் எச்சரிக்கை

என் அத்தான் நெல் கொள்முதல் நிலையத்தில் மூட்டை தூக்குகிறவர். அம்மாபேட்டை பக்கம் மினி வேன் மோதித் தொடை எலும்பு முறிந்தது. பிளேட் வைத்துப் படுத்திருக்கும்போதே ஓர் ஆள் வார்டுக்கு வந்துவிட்டார். எஃப்.ஐ.ஆர். நகல் எங்களுக்கே வந்து சேரவில்லை, அவர் கையில் இருந்தது. எப்படிக் கிடைத்திருக்கும் என்பதை நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள்.

"அக்கா, நீங்க அஞ்சு பைசா எடுக்க வேணாம். வக்கீல், கோர்ட்டு எல்லாம் நாங்க பாத்துக்குறோம். பணம் வந்தப்புறம் நூத்துக்கு முப்பது குடுங்க, போதும்."

விபத்து நடந்து 6 மாதத்துக்குள் இழப்பீடு கேட்டு மனுப் போட வேண்டும் என்று 2022 ஏப்ரலில் இருந்து சட்டத்தில் கெடு இருக்கிறது. அதைச் சொல்லியே அவசரப்படுத்தினார். வக்காலத்து, பத்திரத்தாள், ஒன்றும் எழுதாத வெள்ளைத்தாள் என்று எல்லாவற்றிலும் அத்தானிடம் கையெழுத்து. புதிதாக ஒரு வங்கிக் கணக்கு. அதன் பாஸ்புக்கும் ஏ.டி.எம். கார்டும் கையெழுத்துப் போட்ட காசோலைகளும் அந்தப் புரோக்கரிடமே. வக்கீலின் முகத்தை அத்தான் பார்த்தது, சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றமான லோக் அதாலத் அன்றுதான்.

அன்றைக்கு 3,75,000 ரூபாய்க்குச் சமரசம் முடிந்தது. பணம் ஏறியதும் கணக்கிலிருந்து 1,12,500 போனது. அப்புறம் டாக்டர் செலவு, டைப்பிங் செலவு என்று இன்னொரு 40,000.

கமிஷனைக்கூட விடுங்கள், கேஸை நடத்திய விதம்தான் வயிற்றெரிச்சல். மனுவின் நகலை வாங்கிப் பார்த்தால், தொழில் என்ற இடத்தில் 'கூலி' என்று மட்டும் இருக்கிறது. மருத்துவக் குழு சான்றிதழில் தந்த ஊன அளவு 30 சதவீதம். அத்தானுக்கு வயது 38. அந்த வயதுக்கு, 2009-இல் சர்லா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த பெருக்கி, அதாவது வருஷ வருமானத்தைப் பெருக்க வேண்டிய எண், 15. மாத வருமானம் 12,000 என்று வைத்தாலே வருஷத்துக்கு 1,44,000. பதினைந்தால் பெருக்கி 30 சதவீதம் எடுத்தால் 6,48,000. இது வருமான இழப்பு மட்டும். மருத்துவச் செலவு, வலி வேதனை எல்லாம் தனி. அதிலும், சான்றிதழில் உள்ள சதவீதமும் சம்பாதிக்கும் சக்தியில் ஏற்பட்ட இழப்பும் ஒன்றல்ல என்று ராஜ்குமார் வழக்கில் 2010-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒரு கை போனாலும் அரசு எழுத்தர் வேலையில் தொடரலாம், தச்சருக்குப் பிழைப்பே போய்விடும் என்று அந்தத் தீர்ப்பே உதாரணம் காட்டுகிறது. தொடையில் பிளேட்டை வைத்துக்கொண்டு 40 கிலோ மூட்டையை எப்படித் தூக்குவது? இதை வாதாட சாட்சி வேண்டும், காலம் பிடிக்கும். புரோக்கருக்குச் சீக்கிரம் காசு வேண்டும், அவ்வளவுதான்.

லோக் அதாலத்தைக் குறை சொல்லவில்லை. தொகை நியாயமாக இருந்தால் வருஷக்கணக்கில் அலைவதைவிட அது மேல். ஆனால் அங்கே ஒத்துக்கொண்டபின் மேல்முறையீடு கிடையாது. எங்களுக்கு அதைச் சொன்னவர் யாருமில்லை.

கிடைக்கும் தொகையில் இத்தனை சதவீதம் என்று வக்கீல் கட்டணம் பேசுவதும், ஆள் வைத்துக் கேஸ் பிடிப்பதும் பார் கவுன்சில் விதிப்படியே தவறு. புகார் அனுப்பியிருக்கிறோம். பணம் இல்லை என்பதற்காகப் புரோக்கரை நம்ப வேண்டியதும் இல்லை. நீதிமன்ற வளாகத்திலேயே மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், வருமானம் குறைந்தவர்கள் ஆகியோருக்கு இலவசமாக வக்கீல் வைத்துத் தருவார்கள். 15100-க்கு போன் செய்தும் கேட்கலாம். விபத்து பற்றிய முதல் அறிக்கையை 48 மணி நேரத்துக்குள், இழப்பீட்டு வழக்கை விசாரிக்கும் தீர்ப்பாயத்துக்கு அனுப்புவது போலீஸின் கடமை. ஸ்டேஷனிலேயே அதன் நகலைக் கேளுங்கள்.

ஏற்கெனவே கையெழுத்துப் போட்டுவிட்டீர்களா? உங்கள் இழப்பீட்டு மனுவின் எண்ணை (எம்.சி.ஓ.பி. எண்) கேட்டு வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் தளத்தில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா தெரியும். வக்கீலை மாற்ற உங்களுக்கு உரிமை உண்டு. கொடுத்த காசோலைகளை நிறுத்தச் சொல்லி வங்கியில் இன்றைக்கே எழுதிக் கொடுங்கள், ஏ.டி.எம். கார்டையும் முடக்குங்கள்.