இ-கோர்ட்ஸ் செயலி: வாய்தா தெரியும், தள்ளுபடிக் காரணம் தெரியாது

வழக்கு போட்டுவிட்டு வக்கீலை மட்டும் நம்பி இருப்பவர்களுக்கு இந்தச் செயலி அவசியம். உச்ச நீதிமன்றத்தின் இ-கமிட்டிக்காக என்.ஐ.சி. (மத்திய அரசின் தேசியத் தகவலியல் மையம்) செய்து தந்தது; இலவசம். வழக்கின் தனி அடையாளமான 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் (தமிழ்நாட்டு வழக்குக்கு டி.என். என்று தொடங்கும்) அடுத்த வாய்தா, வழக்கின் நிலை, முந்தைய வாய்தாக்கள் எல்லாம் வரும். வழக்கை 'மை கேஸஸ்' பட்டியலில் சேமித்துக்கொள்ளுங்கள். அந்தப் பட்டியல் போனில்தான் இருக்கிறது. பேக்கப் எடுக்காமல் போனை மாற்றினால் போச்சு.

தேதியை கோர்ட் ஊழியர்தான் ஏற்றுகிறார், அதனால் அன்று மாலையே வராமலும் போகலாம். வாய்தாவுக்கு மறுநாளும் ஒருமுறை ரெஃப்ரெஷ் செய்து பாருங்கள். வாதி வராமல் வழக்கு தள்ளுபடியானால் 'முடிந்தது' என்றும் முடிந்த தேதியும் காட்டும். அந்தத் தேதியைக் குறித்துக்கொள்ளுங்கள், தள்ளுபடியை நீக்கக் கேட்கும் மனுவுக்கான 30 நாள் கணக்கு அதிலிருந்துதான்.

குறை இங்கேதான். தள்ளுபடி எந்த விதியில் என்பதைச் செயலியின் ஒற்றை வரி பெரும்பாலும் சொல்வதில்லை. உத்தரவைப் பார்த்தாக வேண்டும். பேட்டா (சம்மன் அனுப்பும் கட்டணம்) கட்டாததால் சம்மன் போகாமல் தள்ளுபடியானால் அது உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 9 விதி 2. இரு தரப்பும் வராவிட்டால் விதி 3. இந்த இரண்டிலும் விதி 4 கைகொடுக்கும்: காலவரம்பு மிச்சமிருந்தால் புது வழக்கே போடலாம், ஆனால் கோர்ட் ஃபீஸ் மறுபடி முழுசாக. பிரதிவாதி வந்து வாதி மட்டும் வராவிட்டால் விதி 8. அப்போது அதே காரணத்துக்குப் புது வழக்கு கிடையாது; விதி 9-இல் மனு போட்டு பழைய வழக்கைக் கோப்புக்கு எடுப்பதுதான் வழி. எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகாமல் அந்த மனு அனுமதியாகாது.

உத்தரவு நகல் வரட்டும் என்று காத்திருப்பது பெரிய தவறு. அப்பீலுக்கு நகல் எடுத்த நாள்கள் கழிபடும். இந்த மனுவுக்கு அந்தச் சலுகை இல்லை. 30 நாள் தாண்டினால் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-இல் தாமத மன்னிப்பு மனுவும் சேர வேண்டும். தாமத நாள் எண்ணிக்கை தப்பாக இருந்தால் மனு ரிட்டர்ன் ஆகும். திருத்தி மறுதாக்கல் செய்யத் தாமதித்தால் அதற்கும் ஒரு மனு. ஆஜராகாததற்குக் காரணம் 'உடம்பு சரியில்லை' என்று மட்டும் எழுதாமல், தேதியோடு மருத்துவச் சீட்டை இணையுங்கள்.

எஸ்.எம்.எஸ். வசதி நல்லதுதான். ஆனால் தாக்கலின்போது வக்கீல் எண்ணை மட்டும் கொடுத்திருந்தால் செய்தி அவருக்கே போகும். உங்கள் எண்ணும் பதிவாகியிருக்கிறதா என்று கேளுங்கள்.

மனு போட்டபின் மூல வழக்கு 'முடிந்தது' என்றே காட்டினால் பதற வேண்டாம். வழக்குப் பக்கத்தில் ஐ.ஏ. (வழக்குக்குள் போடும் இடைமனு) பகுதியைத் திறந்து உங்கள் மனுவின் வாய்தாவைத் தனியாகப் பாருங்கள். வழக்கைக் கோப்புக்கு எடுக்க விதி 9-இல் போட்ட மனுவும் தள்ளுபடியானால் கட்டளை 43 விதி 1(சி)-யின்படி அப்பீல் உண்டு.

5-க்கு 3.5 தரலாம்.