கோடா, டயல் கேஜா, காதா: வான் டீசல் பம்பின் டைமிங்கை எதை நம்பி வைப்பது?

எங்கள் டொயோட்டா டொல்பின் வானுக்கு டைமிங் பெல்ட் மாற்றி, டீசல் பம்பையும் கழற்றிப் பழுது பார்த்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. யாழ்ப்பாணத்துக்குள் ஓடும்வரை பெரிய குறை ஒன்றும் தெரியவில்லை. காலையில் கொஞ்சம் வெள்ளைப் புகை வரும், ஸ்டார்ட் எடுக்கச் சாவியைக் கூடுதலாகப் பிடிக்க வேண்டியிருக்கும். மழைக்காலம்தானே என்று விட்டுவிட்டோம். கண்டி, நுவரெலியா பார்த்துக் கதிர்காமம் போகும் ஹயர் ஒன்று வந்தது. மாத்தளை தாண்டி ஏற்றம் தொடங்கியதும் வான் இழுக்க மறுத்தது. மூன்றாம் கியரில் ஏற வேண்டிய இடத்தில் இரண்டாம் கியர். பின்னால் கறுப்புப் புகை, சூட்டு முள்ளும் மேலே.

எங்கள் ஊர் தட்டை நிலம். பம்பின் டைமிங், அதாவது அது டீசலைத் தள்ளும் கணம், சற்றுப் பிந்தி நின்றாலும் சுன்னாகத்துக்கும் சாவகச்சேரிக்கும் ஓடும் வானில் அது தெரியாது. திரும்பி வந்ததும் பம்ப் பூட்டிய கராஜிலேயே விட்டுப் பார்த்தோம். “தம்பி, கோடு கோட்டிலதான் நிக்குது. இனி என்ன பார்க்க இருக்கு?” என்றார் அங்கிருந்த அண்ணை. அவர் சொன்னது உண்மை. பம்பின் விளிம்பில் உள்ள கோடும் என்ஜின் பக்கத்துக் கோடும் நேராகத்தான் நின்றன. ஆனாலும் டைமிங் சரியில்லை. அது எப்படி என்று விளங்கிக்கொள்ளப் போய்த்தான் பம்ப் டைமிங் வைக்கும் வழிகளை ஒன்றோடொன்று வைத்துப் பார்க்கத் தொடங்கினேன்.

முதலில் ஒரு கணக்கு. நான்கு ஸ்ட்ரோக் என்ஜினில் பிஸ்டன்கள் சுழற்றும் தண்டான கிராங்க் இரண்டு முறை சுற்ற பம்ப் ஒரு முறை சுற்றும். பம்ப் புல்லியில் 40 பல் என்று வைத்துக்கொண்டால் ஒரு பல் 9 பாகை. கிராங்க் கணக்கில் அது 18 பாகை. பெல்ட் ஒரு பல் தவறினால் என்ஜின் ஸ்டார்ட் எடுப்பதே சந்தேகம். எடுத்தாலும் அடித்துக் கத்தும், அல்லது புகை மூட்டம் போடும். எங்கள் வானில் இருந்தது அந்த அளவுப் பிழை இல்லை. இரண்டு மூன்று பாகைப் பிழையை எந்தப் பல்லும் காட்டாது. ஆகவே கேள்வி இரண்டு: பம்ப் சரியான பல்லில் நிற்கிறதா? அந்தப் பல்லுக்குள் சரியான கணத்தில் டீசலைத் தள்ளுகிறதா? முதலாவதற்குக் கோடு பதில் சொல்லும். இரண்டாவதற்குக் கோடு பாதிப் பதில்தான் சொல்லும்.

கோடு எதைச் சொல்கிறது

எல்எச்113 டொல்பினில் இருக்கும் 3எல் என்ஜினில் கிராங்க், வால்வுகளைத் திறக்கும் கேம், பம்ப் மூன்றையும் ஒரே பெல்ட் இணைக்கிறது. மூன்று புல்லியிலும் குறிகள் உண்டு. அவற்றை நேராக்கிப் பெல்ட்டைப் போட்டு, டென்ஷனரை விட்டு, கிராங்க்கைக் கையால் இரண்டு முழுச் சுற்றுச் சுற்றித் திரும்பப் பார்க்க வேண்டும். இதைச் செய்யாமல் சாவி போடுவது பெரிய ஆபத்து. குறி பிழைத்தால் இந்த என்ஜினில் வால்வும் பிஸ்டனும் முட்டிக்கொள்ளும். கையால் சுற்றும்போது எங்காவது இறுகி நின்றால் அங்கேயே நிறுத்திவிடலாம், ஒன்றும் உடையாது. ஸ்டார்டர் மோட்டார் அப்படி நின்று யோசிக்காது.

இங்கே பலரைக் கலங்க வைக்கும் விஷயம் ஒன்று. சில பெல்ட்டுகளில் கோடு அச்சிட்டு வரும். இரண்டு சுற்றுக்குப் பிறகு புல்லியின் குறிகள் பழைய இடத்துக்கு வரும், பெல்ட்டின் கோடுகள் வரா. அது பிழை இல்லை. நிசான் கரவனின் டிடி27 என்ஜினில் பெல்ட் இல்லை, பற்சக்கரங்கள்தான். நடுவில் இருக்கும் இணைப்புச் சக்கரத்தின் குறியும் இரண்டு சுற்றில் திரும்பி வராது, பல சுற்றுக்குப் பிறகுதான் வரும். பூட்டும்போது குறிகள் பொருந்தினால் போதும். சுற்றிப் பார்த்துவிட்டுக் ‘குறி மாறிவிட்டது’ என்று முழுவதையும் கழற்றிய சம்பவங்களை நேரில் பார்த்திருக்கிறேன். பாவம், ஒரு நாள் வேலை வீண்.

கோட்டின் பெருமை என்னவென்றால் அதற்குக் கருவி வேண்டாம். கம்பிப் பிரஷ், வெண்கட்டி, டோர்ச் போதும். மயிலிட்டி, பருத்தித்துறைப் பக்கம் மீன் ஏற்றும் வான்களில் உப்புக்காற்று பட்டுக் கிராங்க் புல்லியின் குறி துருவுக்குள் புதைந்திருக்கும். நன்றாகத் தேய்த்து வெண்கட்டி பூசினால் தெரியும்.

அதன் பலவீனமும் அங்கேதான். கிராங்க் புல்லி பலவற்றில் உள் வளையத்துக்கும் வெளி வளையத்துக்கும் நடுவே ரப்பர் இருக்கும். வயதான ரப்பர் வழுக்கினால் வெளி வளையம் மெல்ல நகர்ந்துவிடும், அதோடு குறியும் நகரும். அதனால் முதல் சிலிண்டரின் பிஸ்டன் உச்சியில் நிற்கும் நிலையை, கராஜில் ‘டொப்’ என்பதை, வெளிப் புல்லியில் மட்டும் பார்த்து முடிவு செய்யக் கூடாது. கவரைக் கழற்றி உள்ளே உள்ள பற்சக்கரத்துக் குறியையும் கேம் குறியையும் பார்க்க வேண்டும். குளோ பிளக்கைக் கழற்றிக் கம்பி விட்டுப் பிஸ்டனைத் தொட்டுப் பார்க்கலாமே என்று கேட்பார்கள். இந்தப் பழைய வான் என்ஜின்களில் குளோ பிளக் முன் அறைக்குள்தான் திறக்கிறது. கம்பி பிஸ்டன் தலைக்கு நேராக இறங்காது.

பம்ப் உடலின் விளிம்புக் கோடு வேறு கதை. அது அந்தப் பம்பும் அந்த என்ஜினும் சேர்ந்திருந்த நிலையைக் குறிப்பது. கொழும்பின் உதிரிப்பாகச் சந்தையான பஞ்சிகாவத்தையில் எடுத்த பாவித்த பம்பைக் கொண்டுவந்து பூட்டினால் அதன் கோடு வேறொரு என்ஜினோடு பேசிய கோடு. பம்பைப் பிரித்து உள்ளே உருளைகளோ தட்டோ ஷிம் என்னும் மெல்லிய இடைத்தகடோ மாற்றியிருந்தால், வெளியே கோடு அப்படியே இருக்க, உள்ளே தள்ளும் கணம் மாறியிருக்கும். எங்கள் வானில் நடந்தது இந்த இரண்டாவது.

நாமே போடும் குறி

பம்பைக் கழற்றுமுன் விளிம்பில் மெல்லிய உளியால் ஒரு கீறல், பழைய பெல்ட்டிலும் புல்லியிலும் வெள்ளைப் பெயின்ட் புள்ளி, அப்புறம் பல்லை எண்ணிப் புதிய பெல்ட்டுக்கு அதே புள்ளிகளை மாற்றுவது. ரேடியேட்டர் பக்கம் சீல் மாற்றவோ பெல்ட் மட்டும் மாற்றவோ இது போதும், விரைவானதும் கூட. முன்பு இருந்த நிலைக்கே என்ஜின் திரும்பும். முன்பு பிழை இருந்திருந்தால் பிழையும் அப்படியே திரும்பும். அவ்வளவுதான்.

டயல் கேஜ்

இந்த வான்களில் பெரும்பாலும் இருப்பது விஇ வகைப் பம்ப், அதாவது டீசலைத் தள்ளும் தண்டான ஒரே பிளஞ்சர் சுழன்றபடியே முன்னும் பின்னும் போய் நான்கு குழாய்க்கும் டீசலைப் பங்கிடும் வகை. நான்கு குழாயும் வெளிவரும் தலையின் நடுவில் ஒரு மூடி போல்ட் இருக்கும். அதைக் கழற்றி, அந்தத் துளையில் ஓர் அடாப்டரை முறுக்கி, மிகச் சிறு அசைவையும் முள்ளால் காட்டும் அளவுமானியான டயல் கேஜைப் பிளஞ்சர் மீது நிறுத்துவதுதான் இந்த முறை. அடாப்டரைக் கடையில் தேடி அலைய வேண்டியதில்லை. மூடி போல்ட்டை மாதிரியாகக் கொடுத்தால் லேத் பட்டறையில் கடைந்து தருவார்கள். நான் அப்படித்தான் செய்வித்தேன்.

செய்யும் விதம் இது. கிராங்க்கை டொப்பிலிருந்து 25 முதல் 30 பாகை வரை பின்னோக்கித் திருப்பினால் கேஜின் முள் ஓர் இடத்தில் அசையாமல் நிற்கும். அங்கே பூச்சியம் வைக்க வேண்டும். கிராங்க்கைச் சற்று அங்குமிங்கும் அசைத்தாலும் முள் பூச்சியத்திலேயே நிற்கிறதா என்று பார்க்க வேண்டும். பிறகு என்ஜின் ஓடும் திசையில் மெதுவாகத் திருப்பி, புத்தகம் சொல்லும் நிலைக்கு, 3எல்லில் டொப்புக்கு, கொண்டுவந்து முள்ளைப் படிக்க வேண்டும். தவறி டொப்பைத் தாண்டிவிட்டால் கொஞ்சம் மட்டும் பின்னுக்கு இழுத்து நிறுத்தக் கூடாது. முழுவதும் பின்னே போய் மறுபடியும் அதே திசையில் வர வேண்டும். பெல்ட்டின் தளர்வும் பல்லின் இடைவெளியும் அளவைக் கெடுத்துவிடும். அளவு மில்லிமீற்றரில் நூறில் ஒரு பங்கு வரை பார்க்கப்படுவது. ஒவ்வொரு என்ஜினுக்கும் வேறு வேறு. ஆகவே அந்த என்ஜினின் சேர்விஸ் புத்தகத்து எண்ணைத்தான் எடுக்க வேண்டும், பக்கத்து வானுக்கு வைத்த எண்ணை அல்ல.

பம்பின் பக்கத்தில் குளிர் ஸ்டார்ட்டுக்கான மெழுகுக் கருவி உள்ள வகை என்றால் அதன் லீவரை விலக்கி, நடுவே ஒரு தகட்டுத் துண்டைச் செருகிவிட்டுத்தான் அளக்க வேண்டும். அந்தக் கருவி குளிரில் டைமிங்கைத் தானாகவே முன்னே தள்ளி வைத்திருக்கும். இதை மறந்து அளந்தால் கேஜ் நல்ல எண்ணைக் காட்டும், சூடான என்ஜின் பிந்தி ஓடும்.

எங்கள் வானில் கேஜ் காட்டிய எண் புத்தக எண்ணைவிடக் கிட்டத்தட்ட 0.2 மில்லிமீற்றர் குறைவு. கோடு நேராக, பம்ப் பிந்தி. குழாய் நட்டுகள் நான்கையும் பம்ப் பக்கத்தில் தளர்த்தி, விளிம்பு நட்டுகளையும் பின்தாங்கி போல்ட்டையும் இளக்கி, பம்பின் உடலை அதன் ஷாஃப்ட் சுழலும் திசைக்கு எதிராக ஒரு மயிரிழை திருப்பினோம். எதிர்த்திசையில் திருப்பினால் தள்ளும் கணம் முந்தும், அதே திசையில் திருப்பினால் பிந்தும். எந்தப் பம்புக்கும் இந்த ஒரு விதியை மனதில் வைத்தால் போதும். ‘என்ஜின் பக்கம்’, ‘வெளிப் பக்கம்’ என்று மனப்பாடம் செய்தால் வேறு வானில் தலைகீழாகிவிடும். கோடு இப்போது ஏறக்குறைய ஒன்றரை மில்லிமீற்றர் விலகி நிற்கிறது. வான் அதற்குப் பிறகு ஒரு முறை மலைநாடு போய் வந்தது, மூன்றாம் கியரிலேயே ஏறியது.

ஆனால் கேஜுக்கும் ஒரு குருட்டுப் புள்ளி உண்டு. நான்கு சிலிண்டர் பம்பின் உள்ளே தட்டில் நான்கு மேடுகள். ஆகவே பிளஞ்சர் கிராங்க்கின் ஒவ்வொரு அரைச் சுற்றுக்கும் ஒரே மாதிரி எழும். பம்பைக் கால் சுற்றோ அரைச் சுற்றோ மாற்றிப் பூட்டியிருந்தாலும் கேஜ் அதே அழகான எண்ணைக் காட்டும், டீசல் மட்டும் வேறு சிலிண்டருக்குப் போகும். அதைப் பிடிப்பது புல்லியின் கோடுதான். அதனால் கேஜ் வைத்திருப்பவர் கோட்டைப் பார்க்க வேண்டாம் என்பது பிழை.

காது

என்ஜின் ஓடிக்கொண்டிருக்க, பம்ப் நட்டுகளை இளக்கி, உடலைத் திருப்பித் திருப்பிச் சத்தம் கேட்டு வைப்பது. இந்த ஊரில் இதில் கைதேர்ந்தவர்கள் இருக்கிறார்கள், அவர்கள் மேல் எனக்கு மரியாதை உண்டு. 1990களின் பொருளாதாரத் தடைக் காலத்தில் டீசலும் பெட்ரோலும் வராமல், மண்ணெண்ணெயில் வாகனங்களை ஓட வைத்த ஊர் இது. புத்தக எண்ணுக்குப் பொருந்தாத எரிபொருளை வைத்துக்கொண்டு என்ஜினை ஓட்டிக் காட்டியது அந்தக் காதுகள்தான். அன்று வேறு வழி இல்லை.

இன்று வழி இருக்கிறது. காதை மட்டும் நம்பி வைக்கும் டைமிங் பெரும்பாலும் முந்தியே போய் நிற்கும். முந்திய என்ஜின் அக்சிலேட்டருக்கு உடனே பாய்வது போல் தோன்றும், ஓட்டுபவருக்குப் பிடிக்கும். ஆனால் பிஸ்டன் இன்னும் மேலே வந்துகொண்டிருக்கும்போதே எரிதல் தொடங்கி அழுத்தம் ஏறுகிறது. நாளடைவில் அதன் பலனை ஹெட் கேஸ்கெட்டிலும் பிஸ்டனிலும் பார்க்கலாம். சிலிண்டருக்குள் டீசலைத் தெளிக்கும் நொசில் ஒன்று ஒழுகித் தட்டினாலும் காது அதை ‘டைமிங் முந்தியிருக்கு’ என்றே கேட்கும். அதோடு, ஓடும் என்ஜினின் இன்ஜெக்டர் குழாயில் 100 பாருக்கு மேற்பட்ட அழுத்தம் இருக்கிறது. இளகிய நட்டிலிருந்து பீறிடும் டீசல் தோலைத் துளைத்து உள்ளே போகக்கூடியது. சிறிய புள்ளிக் காயம் போலத்தான் தெரியும், உடனே ஆஸ்பத்திரிக்குப் போகாவிட்டால் விரலையே இழக்க நேரும். ஓடும் நிலையில் அந்தக் குழாய்களுக்கு நடுவே கையை விடுவதை நான் ஒருவருக்கும் சொல்லமாட்டேன்.

காதுக்கு உரிய இடம் கடைசியில். கேஜில் வைத்து இறுக்கிய பிறகு, என்ஜின் சூடேறியதும் கேட்க வேண்டும். அப்போது கேட்கும் தட்டல் பெரும்பாலும் நொசிலுடையதாக இருக்கும்.

இன்ஜெக்டர் குழாயில் கிளிப் மாட்டி, அதன் துடிப்பில் மின்னும் டீசல் டைமிங் லைட்டும் இருக்கிறது. எண்ணளவில் அது கேஜைவிட நம்பகமானது அல்ல, கிளிப்பை எங்கே மாட்டுகிறோம் என்பதைப் பொறுத்துக் காட்டும் பாகை மாறும். ஆனால் அதற்கு ஒரு தனிச் சிறப்பு: வேகம் கூடும்போது பம்ப் தானாக டைமிங்கை முன்னே கொண்டுபோகிறதா என்பதை, பம்பைக் கழற்றாமலே அது காட்டும். விஇ பம்புக்கு உயவு தருவது டீசல்தான். மண்ணெண்ணெய் கலந்து ஓடிய பம்பின் உட்பாகங்கள் தேய்ந்து உள் அழுத்தம் குறைந்தால், நின்ற நிலையில் கேஜ் சரியாக இருந்தும் ஓட்டத்தில் டைமிங் பிந்தும். 2022இல் எரிபொருள் வரிசைகளில் நின்ற நாட்களில் கிடைத்ததை எல்லாம் டாங்கில் ஊற்றிய வான்களை இந்தக் கண்ணோடும் பார்க்க வேண்டும். அந்தத் தேய்மானத்தைக் கோடும் கேஜும் தீர்க்கா, பம்பை டெஸ்ட் பெஞ்சில்தான் ஏற்ற வேண்டும்.

நான் இப்போது செய்வது இப்படி. பெல்ட் மட்டும் மாற்றும் வேலை என்றால் புல்லிக் கோடும் இரண்டு சுற்றும் போதும், பம்பின் விளிம்பைத் தொடுவதில்லை. பம்ப் ஒரு முறை கழன்று, உள்ளே பிரிந்து வந்தால், அல்லது பாவித்த பம்ப் ஒன்றைப் பூட்டினால், கேஜ் வைக்காமல் வானை எடுப்பதில்லை. அந்த ஒரு மணி நேரக் கூலியைப் பேரம் பேசுவதும் இல்லை.

கேஜில் எண் சரியாக வந்ததும் வேலை முடிந்தது என்று கழற்றிவிட வேண்டாம். விளிம்பு நட்டுகளை இறுக்கும்போதே பம்ப் சற்று நகரும். இறுக்கிய பிறகு கிராங்க்கைத் திருப்பி இன்னொரு முறை அளக்க வேண்டும். எங்கள் வானில் மூன்றாவது தடவைதான் எண் நின்றது. பிறகு மூடி போல்ட்டுக்குப் புதிய செம்பு வாஷர், கை பிரைமரால் ஏர் எடுத்தல், குழாய் நட்டுகளை இறுக்குதல், அப்புறம் சாவி.