லேபிளா, மொய்யா, சொந்தக் கடையா, ஆடி மாதக் கச்சேரியா: ஒரு பெரம்பூர் பேண்டின் கணக்கு

டிரம்ஸ் வாசிப்பது என் தம்பி. கிட்டார் இரண்டு பேர், பேஸ் ஒருவர், கீபோர்டும் பாட்டும் ஒருவர். எனக்கு ஒன்றும் வாசிக்க வராது, அதனால் கணக்கு நோட்டு என்னிடம் இருக்கிறது. பெரம்பூரில் எங்கள் மொட்டை மாடி அறையில், ஜன்னலுக்குப் பழைய மெத்தையை முட்டுக்கொடுத்து, ஆறு வருடமாக ஒத்திகை நடக்கிறது. வாசிப்பது புரோகிரசிவ் ராக். அது என்ன என்று பக்கத்து வீட்டு அக்கா கேட்டபோது, "ஒரே பாட்டு பன்னிரண்டு நிமிஷம் போகும்க்கா, நடுவுல தாளம் நாலு தடவை மாறும்" என்று தம்பி விளக்கினான். "அதான் தினமும் கேக்குதே" என்றார்.

முதல் ஆல்பத்துக்கு ஐந்து பாட்டு தயார். மொத்தம் 52 நிமிடம். பன்னிரண்டு நிமிடப் பாட்டு, பேசின் பிரிட்ஜ் சிக்னலில் நிற்கும் ரயிலைப் பற்றியது. சென்ட்ரல் கண்ணுக்குத் தெரியும், வண்டி மட்டும் நகராது. பாட்டு நீளமாக இருப்பதற்கு அதுவே போதுமான நியாயம் என்பது இவர்கள் வாதம். சரி, பாட்டு இருக்கிறது. இதை எந்த வழியில் வெளியே கொண்டுபோவது? போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து பேசியதில் மூன்று கட்சி உருவானது. தம்பி லேபிள் கட்சி, அதாவது பாட்டை வெளியிடும் இசை நிறுவனத்தோடு ஒப்பந்தம் போடலாம் என்கிற கட்சி. பேஸ் வாசிக்கும் அண்ணன், ரசிகர்களிடமே முன்பணம் வாங்கிவிடலாம் என்கிற கட்சி. கிட்டார்காரர்கள் இருவரும் நாமே வெளியிடுவோம் என்றார்கள். கீபோர்டு அண்ணன் ஒன்றும் சொல்லவில்லை, அவருக்கு அன்று இரவு கொடுங்கையூரில் லைட் மியூசிக் இருந்தது. யோசித்தால் அதுவும் ஒரு வழிதான். ஆக நான்கு.

முதலில் லேபிள். தம்பி தூக்கிப் பிடிப்பது மரிலியன் என்ற ஆங்கிலேய பேண்டை. 1982இல் ஈஎம்ஐ என்ற இசை நிறுவனத்தோடு ஒப்பந்தம், 1983இல் முதல் ஆல்பம், 1985இல் வந்த மூன்றாவது ஆல்பம் பிரிட்டனில் முதலிடம். அந்த ஆல்பத்தின் ஒரு பாட்டு சிங்கிள் பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது. நீளப் பாட்டுக்காரர்களுக்கு இப்படி நடந்தது லேபிளின் பணமும் ரேடியோ செல்வாக்கும் இல்லாமலா என்று கேட்டான். நியாயமான கேள்வி. ஆனால் அதே ஈஎம்ஐ 1995இல் அவர்களை விட்டுவிட்டது. பாடகர் மாறி, விற்பனை இறங்கி, எட்டு ஸ்டுடியோ ஆல்பம் முடிந்த பிறகு. அந்த ஆல்பங்களின் ஒலிப்பதிவுகள் பின்னால் நிறுவனங்கள் கை மாறியபோது சேர்ந்தே கை மாறி, வார்னர் குழுமத்திடம் போய்ச் சேர்ந்தன. பாடியவன் ஒருவன், பத்திரம் வேறொருவனிடம்.

லேபிள் பாட்டின் நீளத்தில் கை வைக்கும் என்பதற்கு ரஷ் பேண்டைச் சொல்வார்கள். கனடாக்காரர்கள். 1975இல் வந்த ஆல்பம் சரியாகப் போகவில்லை, சின்னச் சின்னப் பாட்டாகப் போடுங்கள் என்று நெருக்கினார்கள். இவர்கள் 1976இல் இசைத்தட்டின் ஒரு பக்கம் முழுக்க இருபது நிமிடத்துக்கு ஒரே பாட்டைப் போட்டுவிட்டார்கள். அது விற்றதால்தான் இன்று நாம் அதை வீரக்கதையாகச் சொல்கிறோம். விற்காமல் போன இருபது நிமிடப் பாட்டுகளுக்குக் கதை கிடையாது.

எங்களுக்கும் ஒரு ஒப்பந்தம் வந்தது, பெயர் வேண்டாம். ஒன்பது பக்கம். ஒலிப்பதிவின் உரிமை முழுவதும் அவர்களுக்கு, உலகம் முழுவதும், காலவரை இல்லாமல். முன்பணம் என்ற இடத்தில் ஒரு கோடு. பதிவுச் செலவு எங்களுடையது. தம்பிக்கு லெட்டர்பேடைப் பார்த்ததுமே கண் கலங்கிவிட்டது, நான்தான் கடைசிப் பக்கம் வரை படித்தேன். இந்த இடத்தில் எல்லா பேண்டுகளும் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டிய ஒன்று உண்டு. 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, உரிமையை எழுதிக்கொடுக்கும் பத்திரத்தில் காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து வருடம் என்றுதான் பொருள். இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும். அதனால்தான் அவர்கள் இரண்டையும் மறக்காமல் குறிப்பிடுகிறார்கள். 2012இல் வந்த திருத்தம், பாட்டெழுதியவருக்கும் மெட்டமைத்தவருக்கும் ராயல்டியில் சம பங்கை உறுதி செய்கிறது. ஆனால் அது பாட்டுக்கும் மெட்டுக்கும். ஒலிப்பதிவு வேறு சொத்து. மொட்டை மாடியில் வியர்வை சிந்தியது அதற்குத்தான். கையெழுத்துப் போட்டால் போவதும் அதுதான்.

அடுத்தது பேஸ் அண்ணனின் வழி. அவரும் மரிலியனைத்தான் இழுக்கிறார், அதே பேண்டின் இரண்டாம் பாதியை. 1997இல் அமெரிக்கா போய் வாசிக்கக் காசில்லை என்று இணையத்தில் சொன்னதும், அங்கிருந்த ரசிகர்கள் தாங்களாகவே வங்கிக் கணக்கு திறந்து 60,000 டாலர் சேர்த்துக்கொடுத்தார்கள். அதைப் பார்த்துக் கற்றுக்கொண்ட பேண்டு, அடுத்த ஆல்பத்தை இன்னும் எழுதவே இல்லை, இப்போதே காசு தருவீர்களா என்று ரசிகர்களுக்கு மின்னஞ்சல் போட்டது. 12,000 பேருக்கு மேல் முன்பணம் கட்டினார்கள். 2001இல் ஆல்பம் வந்தது. இப்படிப் பலரிடம் பணம் திரட்டும் கிக்ஸ்டார்ட்டர் இணையதளமே தொடங்கியது 2009இல்தான். பழைய ஈஎம்ஐயே இந்த முறை விநியோகம் செய்யும் ஆளாக வந்து நின்றது, உரிமை பேண்டிடம். 2022இல் வந்த அவர்களது ஆல்பம் பிரிட்டன் பட்டியலில் இரண்டாம் இடம்.

இதைக் கேட்டதும் எனக்கு மொய் நோட்டுதான் ஞாபகம் வந்தது. ஊருக்கு முன்னால் பேரும் தொகையும் எழுதி, வீட்டு விசேஷத்தை நடத்திக்கொடுக்கும் ஏற்பாடு. வெள்ளைக்காரன் கண்டுபிடித்ததாகச் சொன்னால் எங்கள் பாட்டி சிரித்திருப்பார். ஆனால் மொய்யின் கணக்கு ஒருவழிப் பாதை அல்ல. நாம் போய் எழுதியிருந்தால்தான் நமக்கு எழுதுவார்கள். மரிலியனுக்கு வந்த 12,000 பேர் எப்படிச் சேர்ந்தார்கள்? பதிமூன்று வருடம் ஈஎம்ஐ விளம்பரம் செய்தது, ரேடியோவில் போட்டது, ஊர் ஊராக வாசிக்க அனுப்பியது. அவர்கள் சார்பில் மொய் எழுதிவைத்தது லேபிள். பேண்டு பின்னால் வந்து வாங்கிக்கொண்டது. தம்பியும் பேஸ் அண்ணனும் ஒரே கதையின் இரண்டு நுனியைப் பிடித்துக்கொண்டு சண்டை போடுகிறார்கள் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது.

எங்கள் நிலைமைக்குப் போட்டுப் பார்த்தேன். டிரம்ஸ் பதிவுக்கு ஸ்டுடியோ, அப்புறம் மிக்சிங், மாஸ்டரிங். எங்களுக்குச் சொன்ன விலை இரண்டு லட்சத்தைத் தொடுகிறது. ஆளுக்கு 400 ரூபாய் என்றால் 500 பேர் வேண்டும். எங்கள் வாட்ஸ்அப் குழுவில் 143 பேர், அதில் பாதி சொந்தக்காரர்கள். சித்தப்பா 400 ரூபாய் தருவார், ஆனால் இரண்டாவது ஆல்பத்துக்குத் தர மாட்டார், ஏனென்றால் முதல் ஆல்பத்தைக் கேட்டிருப்பார். இன்னொரு பயமும் உண்டு. லேபிள்காரனிடம் ஆறு மாதம் தாமதம் என்று சொல்லலாம். அதே தெருவில் இருப்பவரிடம் முன்பணம் வாங்கிக்கொண்டு, காலையில் பால் வாங்கப் போகும்போது என்ன பதில் சொல்வது?

மூன்றாவது, கிட்டார்காரர்கள் சொன்ன சொந்தக் கடை. கிங் கிரிம்ஸன் என்ற ஆங்கிலேய பேண்டின் கிட்டார்காரர் ராபர்ட் ஃபிரிப், பழைய நிர்வாக நிறுவனத்தோடு பட்ட பாட்டுக்குப் பிறகு 1992இல் டிஜிஎம் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். உரிமை வாசித்தவரிடமே இருக்கும் என்பது அதன் கொள்கை. ஆனால் அவர் அப்போதே பெரிய பெயர். எங்களுக்குப் பொருந்துவது பிக் பிக் ட்ரெயின் என்ற இன்னொரு ஆங்கிலேய பேண்டு. 1990இல் தொடங்கியவர்கள், பெரும்பாலான ஆல்பங்களைத் தாங்களே வெளியிட்டவர்கள். ஊர் பேசிய ஆல்பம் வந்தது 2009இல். நெடுநாள் இடைவெளிக்குப் பிறகு மேடை ஏறியது 2015இல். இன்சைட்அவுட் என்ற லேபிளில் சேர்ந்தது 2023இல், அதாவது லேபிளுக்கு இவர்கள் தேவைப்பட்ட காலத்தில். கேட்க நன்றாக இருக்கிறது. முப்பது வருடம் என்பதை மட்டும் அம்மாவிடம் யார் சொல்வது?

பக்கத்திலேயே ஓர் உதாரணம் பெங்களூரின் அகம். கர்நாடக இசையைப் புரோகிரசிவ் ராக்கோடு சேர்த்தவர்கள். 2003இல் சேர்ந்தார்கள், முதல் ஆல்பம் 2012, அடுத்தது 2017. வேலையை விடாமல் வார இறுதிகளில் வளர்ந்த பேண்டு. சம்பளம் வேறு இடத்திலிருந்து வந்தால் பாட்டின் நீளத்தை யாரும் அளக்க மாட்டார்கள்.

ஆனால் சொந்தக் கடையின் கல்லாப்பெட்டி இப்போது ஸ்ட்ரீமிங்கில் இருக்கிறது, அது நீளப் பாட்டுக்கு எதிரி. முப்பது விநாடி கேட்டால் ஸ்பாட்டிஃபையில் ஒரு கேட்பு. பன்னிரண்டு நிமிடம் கேட்டாலும் ஒரே கேட்பு. எங்கள் ஆல்பம் முழுவதையும் ஒருவர் கேட்டால் ஐந்து. இரண்டரை நிமிடப் பாட்டாகப் போடுகிறவருக்கு அதே 52 நிமிடத்தில் இருபது. போதாக்குறைக்கு 2024 முதல், ஒரு பாட்டு பன்னிரண்டு மாதத்தில் 1,000 கேட்பைத் தொடாவிட்டால் அதற்குக் காசே கிடையாது. பேசின் பிரிட்ஜ் பாட்டை நான்கு துண்டாக வெட்டி ஏற்றினால் என்ன என்று தம்பி கேட்டான். லேபிள்காரன் கேட்பானோ என்று பயந்த கேள்வியை இவனே கேட்டுவிட்டான்.

பேண்டுகள் ரசிகர்களுக்கு நேரடியாக விற்கும் பேண்ட்கேம்ப் இணையதளம் கொஞ்சம் மரியாதையான இடம். டிஜிட்டல் விற்பனையில் 15 சதவீதம், டி-ஷர்ட் மாதிரிப் பொருளில் 10 சதவீதம் எடுத்துக்கொண்டு, பரிமாற்றக் கட்டணமும் போக மிச்சத்தைத் தருகிறது. விற்ற காசு வருவது பேபால் என்ற இணையப் பணச் சேவை வழியாக, சிக்கல் அதில்தான். இந்தியாவுக்குள் நடக்கும் பரிமாற்றத்தை அது 2021 ஏப்ரல் முதல் நிறுத்திவிட்டது. போலந்தில் இருப்பவர் எங்கள் ஆல்பத்தை வாங்கலாம், புளியந்தோப்பில் இருப்பவருக்குத்தான் கஷ்டம். அவருக்கு யுபிஐயில் காசு வாங்கி, பாட்டை டிரைவ் லிங்க்கில் அனுப்ப வேண்டியதுதான். அதற்கும் ஒரு நோட்டுப் போட்டிருக்கிறேன்.

பப் வாசிப்பைத் தனி வழியாக நான் எடுத்துக்கொள்ளவில்லை. அந்த இடங்கள் எல்லாம் ஓஎம்ஆர், ஈசிஆர் பக்கம். குட்டி யானை வாடகை, போக வர மூன்று மணி நேரம், அங்கே போனால் எல்லாருக்கும் தெரிந்த ஆங்கிலப் பாட்டு கேட்பார்கள். இரண்டு தடவை போனோம். நோட்டில் இரண்டும் நஷ்டக் கணக்கு.

அமைப்பு ஆதரவு என்று ஒன்றும் இருக்கிறது. 2018 ஜனவரியில், சாதிக்கு எதிராகப் பாடும் தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ் பேண்டு கீழ்ப்பாக்கத்தில் முதல் மேடை ஏறியபோது நாங்கள் எல்லோரும் போயிருந்தோம். கானா பாடுகிறவர்களும் கிட்டாரும் ஒரே மேடையில், பின்னால் இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் அமைப்பு. ஆனால் அங்கே ஆதரவு வந்தது அவர்கள் எதைப் பாடினார்கள் என்பதற்காக. சிக்னலில் நின்ற ரயிலுக்கு எந்த இயக்கம் வரும்?

கடைசியாக லைட் மியூசிக். ஆடி வந்தால் வியாசர்பாடியிலிருந்து காசிமேடு வரை அம்மன் கோயில் தெருவெல்லாம் மேடை. கூழ் ஊற்றிய அன்று இரவு கச்சேரி. முடிந்ததும் கையில் பணம். நான்கு வழியில் இது ஒன்றில்தான் காசு அன்றே வருகிறது. இதைக் கேவலமாகப் பேசும் ராக் வாத்தியக்காரர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். எனக்கு அதில் உடன்பாடில்லை. பாடகர் மேடையிலேயே சுருதியை மாற்றினால் விரலை மாற்றத் தெரிந்தவர் எங்களில் கீபோர்டு அண்ணன் ஒருவர்தான். ஒரு தடவை பாடகர் வரத் தாமதமாகி, இடைவெளியை நிரப்ப இவர் எங்கள் பாட்டின் ஏழு எண்ணிக்கைப் பகுதியை வாசித்துவிட்டார். கர்நாடக இசையில் அது மிஸ்ர சாப்பு. சட்டி மேளக்காரர் இரண்டே சுற்றில் தகிட தகதிமியைப் பிடித்துக்கொண்டார், தெருவில் ஆடிக்கொண்டிருந்தவர்கள் நிற்கவே இல்லை. எங்கள் ஆறு வருடத்தில் கிடைத்த மிகப் பெரிய கூட்டம் அதுதான், அவர்களுக்கு அது எங்கள் பாட்டென்று தெரியாது. கெடுதல் என்னவென்றால் நேரம். ஆடி மாதம் முழுக்க ஒத்திகை இல்லை, விடியற்காலை வந்து படுப்பவரை எழுப்பவும் மனசு வராது.

என் முடிவைக் கேட்டால், முதல் ஆல்பம் சொந்தக் கடைதான், வேலையை யாரும் விடக் கூடாது. பதிவுச் செலவில் பெரும் பகுதியை லைட் மியூசிக் பணத்திலிருந்து எடுக்கலாம், அதற்குக் கீபோர்டு அண்ணனோடு இன்னும் ஒருவராவது போக வேண்டும். முன்பணம் கேட்பது இரண்டாவது ஆல்பத்துக்கு, முதலாவதைக் காசு கொடுத்து வாங்கிய முந்நூறு பேராவது நோட்டில் ஏறிய பிறகு. லேபிள் வந்தால் ஐந்து வருட உரிமம் மட்டும், விற்பனைப் பத்திரம் கிடையாது. பாட்டை வெட்டும் பேச்சுக்கு மட்டும் நான் வாக்களிக்க மாட்டேன், வாசிக்கத் தெரியாதவனுக்கு வாக்கு உண்டா என்பது தனிப் பிரச்சினை.

கிட்டார்காரர்கள் ஒத்துக்கொண்டார்கள். பேஸ் அண்ணன் முந்நூறை இருநூறாகக் குறைக்கச் சொல்கிறார். ஆடி முதல் வெள்ளிக்கு வியாசர்பாடியில் அட்வான்ஸ் வாங்கியாகிவிட்டது. அந்தக் குழுவில் ரிதம் பேடு வாசிக்க ஆள் இல்லை என்று தம்பியைக் கேட்டிருக்கிறார்கள். இரண்டு நாளாக மாடியிலேயே இருக்கிறான். நேற்று ராத்திரி மெத்தையைத் தாண்டிக் கேட்டது தேவாவின் கானா தாளம்.