கொச்சித் துறைமுகத்தைச் சுற்றிப் பார்க்க எந்தப் படகில் ஏறுவது? தனியார் உலாப்படகு, அரசுப் படகு, வாட்டர் மெட்ரோ

கோயம்புத்தூரிலிருந்து இரண்டு நாள் விடுமுறைக்குக் கொச்சி போகும் எங்களைப் போன்ற குடும்பங்கள் பெரும்பாலும் ஒரே வரிசையில்தான் ஊரைப் பார்க்கின்றன: மட்டாஞ்சேரி அரண்மனை, ஃபோர்ட் கொச்சியின் சீன வலைகள், மாலையில் மரைன் டிரைவ், அங்கிருந்து ஒரு படகுச் சவாரி. தங்கும் விடுதிக்கும் சாப்பாட்டுக் கடைக்கும் பல நாள் யோசிக்கும் நாம், அந்தப் படகைப் பற்றி மட்டும் யோசிப்பதே இல்லை. கரையோர நடைபாதையில் முதலில் கூப்பிடுபவர் எவரோ அவருடைய படகில் ஏறிவிடுகிறோம். சென்ற டிசம்பரில் 73 வயதான அம்மா, தங்கை குடும்பம், ஏழும் நான்கும் வயதுள்ள அவளுடைய பிள்ளைகள் என ஏழு பேராகப் போயிருந்த நாங்களும் முதல் நாள் மாலை அப்படித்தான் ஏறினோம். அந்த ஒரு மணி நேரத்தில் நடந்தது என்னை உறுத்தியதால், மறுநாள் போகும்போது கேரள அரசு நீர்ப்போக்குவரத்துத் துறையின் படகிலும் திரும்பும்போது வாட்டர் மெட்ரோ என்ற மின்படகுச் சேவையிலும் வந்தோம். மூன்றையும் அடுத்தடுத்துப் பார்த்துவிட்ட பிறகு எனக்கு ஐயமில்லை: முதியவர்களும் பிள்ளைகளும் உடன் வந்தால் வாட்டர் மெட்ரோவையே தேர்ந்தெடுப்பேன்.

பார்க்கக் கிடைக்கும் காட்சியில் மூன்றுக்கும் பெரிய வேறுபாடு இல்லை. எர்ணாகுளம் கரையிலிருந்து மேற்கே போகும்போது வலப்புறம் 1744இல் டச்சுக்காரர்கள் கட்டிய போல்காட்டி அரண்மனையும், அதைத் தாண்டி வல்லார்பாடம் சரக்குப் பெட்டக முனையத்தின் ராட்சதப் பாரந்தூக்கிகளும், இடப்புறம் வெலிங்டன் தீவும் தெரிகின்றன. அந்தத் தீவின் பெரும்பகுதி, 1920இல் இங்கே வந்து சேர்ந்த ராபர்ட் பிரிஸ்டோ என்ற பொறியாளர் துறைமுகத்தை ஆழப்படுத்தத் தோண்டியெடுத்த மண்ணைக் கொட்டி உருவாக்கியது என்பதைப் பிள்ளைகளுக்குச் சொன்னால், வெறும் கிடங்குகளாகத் தெரியும் கரைகூட அவர்களுக்குச் சுவையாகிவிடுகிறது. 1341இல் பெரியாற்றில் வந்த பெருவெள்ளம்தான் பழைய சேரத் துறைமுகமான முசிறியைத் தூர்த்துவிட்டுக் கொச்சியின் முகத்துவாரத்தைத் திறந்துவிட்டது என்று வரலாற்றாசிரியர்கள் பலர் கூறுவர். சங்கப் பாடல்களில் யவனர் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பிய முசிறி எப்படி மறைந்தது என்ற கேள்விக்கு விடையாக அந்த அழிமுகத்தைக் காட்டலாம். வாட்டர் மெட்ரோவின் முதல் படகுக்கு முசிறியின் பெயரையே சூட்டியிருக்கிறார்கள் என்பது கூடுதல் செய்தி.

கட்டணத்தில் வேறுபாடு உண்டு என்றாலும் அது முடிவைத் தீர்மானிக்கும் அளவுக்குப் பெரியதன்று. நாங்கள் போனபோது தனியார் படகில் ஒருமணி நேரச் சுற்றுக்குத் தலைக்கு 200 ரூபாய் கேட்டார்கள். அரசுப் படகில் ஃபோர்ட் கொச்சி போக 10 ரூபாய்கூட ஆகவில்லை. உயர் நீதிமன்ற முனையத்திலிருந்து ஃபோர்ட் கொச்சிக்கு வாட்டர் மெட்ரோவில் 40 ரூபாய். பின்னிரண்டிலும் ஒரு வழிப் பயணம் ஏறத்தாழ 20 நிமிடம்.

என் முடிவைத் தீர்மானித்தது ஒன்றே ஒன்றுதான்: படகில் ஏறுகிறவர்களை யார் எண்ணுகிறார்கள், எண்ணிக்கை நிறைந்ததும் யார் நிறுத்துகிறார்கள் என்பது.

முதல் நாள் நாங்கள் ஏறிய உலாப்படகு இரண்டு தட்டு உடையது. பணம் வாங்கியவர் பெரியவர்களை எண்ணித்தான் வாங்கினார். பிள்ளைகளுக்குக் கட்டணம் இல்லையென்று சொல்லிவிட்டதால் அவர்கள் கணக்கிலேயே வரவில்லை. எங்களோடு ஏறிய மற்ற குடும்பங்களிலும் மடியிலும் இடுப்பிலுமாகப் பத்துக்கும் மேற்பட்ட குழந்தைகள் இருந்தார்கள். காற்றும் பாட்டும் மேல்தட்டில் என்பதால் கிட்டத்தட்ட எல்லோரும் மேலே போய்விட்டார்கள். உயிர்காப்பு மேலங்கிகள் கீழ்த்தட்டின் கூரையடியில் கயிற்றால் கட்டப்பட்டிருந்தன. யாருக்கும் எடுத்துத் தரப்படவில்லை, கேட்டபோது தேவைப்பட்டால் தருவோம் என்றார்கள். அழிமுகத்தை நெருங்கியபோது வலப்பக்கம் இரண்டு டால்பின்கள் முதுகு காட்டின. ஒரு பிள்ளை கத்தியது. அடுத்த நொடி மேல்தட்டில் இருந்த அத்தனை பேரும் வலப்புறக் கம்பிக்கு ஓடினார்கள். படகு சாய்ந்தது. படகோட்டி இயந்திரத்தை மட்டுப்படுத்திவிட்டுத் திரும்பிப் போகச் சொல்லிக் கூவியதும் கூட்டம் கலைந்து, படகும் நிமிர்ந்துவிட்டது. சாய்ந்தது சில நொடிகள்தான். ஆனால் அம்மா என் முழங்கையைப் பிடித்த பிடியைக் கரை வரும்வரை விடவில்லை.

இதை நான் மிகைப்படுத்துவதாகத் தோன்றலாம். தேக்கடியில் 2009 செப்டம்பர் 30 அன்று கவிழ்ந்த படகில் 45 பேர் இறந்ததை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு அப்படித் தோன்றாது. இரட்டைத் தட்டுடைய அந்தப் படகில், கரையில் தெரிந்த வனவிலங்கைப் பார்க்க மக்கள் ஒரே பக்கமாக ஒதுங்கியதைப் பற்றி அப்போது எல்லா நாளேடுகளும் எழுதின. தமிழ்நாட்டிலிருந்து போன பலரும் அதில் உயிரிழந்தார்கள். வடகேரளத்துத் தானூரில் 2023 மே 7 அன்று கவிழ்ந்த உல்லாசப் படகு, மீன்பிடிப் படகை மாற்றிச் செய்தது; அனுமதிக்கப்பட்டதைவிட மிக அதிகமானோரை ஏற்றியிருந்த அதில் 22 பேர் இறந்தார்கள், அவர்களில் பலர் குழந்தைகள். இந்த விபத்துகளில் தண்ணீர் கொந்தளிக்கவில்லை, புயல் வீசவில்லை. ஆட்கள் எத்தனை பேர், எந்தத் தட்டில், எந்தப் பக்கத்தில் என்பதுதான் அவற்றின் மையம். பாரம் மேலே ஏற ஏறப் படகின் நிலைப்பு குறைகிறது. அந்த நிலையில் எல்லோரும் ஒரு பக்கம் நகர்ந்தால், தன்னை நிமிர்த்திக்கொள்ளும் ஆற்றலைப் படகு இழந்துவிடுகிறது. காட்சி காட்டுவதற்கென்றே ஓடும் படகில், மக்கள் ஒரு பக்கம் ஓடுவது என்றாவது ஒருநாள் நடக்கும் தற்செயலன்று. ஒவ்வொரு சவாரியிலும் எதிர்பார்க்க வேண்டியது அது.

வாட்டர் மெட்ரோவில் இந்த இரண்டு கவலைகளுக்கும் வடிவமைப்பிலேயே விடை வைத்திருக்கிறார்கள். 2023 ஏப்ரல் 25 அன்று, அதாவது தானூர் விபத்துக்குச் சரியாகப் பன்னிரண்டு நாள் முன்பு, தொடங்கிவைக்கப்பட்ட இச்சேவையின் பெரிய படகுகள் 100 பேருக்கானவை. பயணச்சீட்டைக் காட்டித்தான் தானியங்கிக் கதவைத் தாண்ட முடியும். எத்தனை பேர் தாண்டினார்கள் என்பதைப் பொறியே கணக்கிடுகிறது. நிறைந்துவிட்டால் அடுத்த படகுக்குத்தான் நிற்க வேண்டும். எங்களுக்கு முன்னால் நின்றிருந்த ஒருவர் தன் நண்பர்கள் உள்ளே போய்விட்டதாகவும் தன்னை மட்டும் விடும்படியும் எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தார். விடவில்லை. வெயிலில் நின்றிருந்த எனக்கு அந்த மறுப்பு எவ்வளவு ஆறுதலாக இருந்தது என்று சொல்லி முடியாது.

படகின் அமைப்பும் வேறு. ஒற்றை உடல் இல்லாமல், அகலமாக விலகி நிற்கும் இரண்டு மிதவை உடல்களின் மேல் ஒரே தட்டை அமைத்திருக்கிறார்கள். கால்களை அகட்டி ஊன்றி நிற்பவரைத் தள்ளிச் சாய்ப்பது கடினம் என்பதுபோல்தான் இதுவும். மேல்தட்டு இல்லை, எனவே பாரம் உயரே போவதற்கு வழியில்லை. இப்படகுகளைக் கட்டியது, ஐ.என்.எஸ். விக்ராந்த் என்ற விமானந்தாங்கிக் கப்பலைக் கட்டிய அதே கொச்சின் ஷிப்யார்டுதான்.

ஏறி இறங்கும் இடம் அம்மாவுக்கு முக்கியமாக இருந்தது. ஓதம் ஏறினாலும் இறங்கினாலும் கூடவே உயர்ந்து தாழும் மிதவை மேடை என்பதால், மேடையும் படகின் தளமும் எப்போதும் ஒரே மட்டத்தில் நிற்கின்றன. முட்டிவலிக்காரரான அம்மா யார் கையையும் பிடிக்காமல் நடந்தே உள்ளே போனார். முதல் நாள் உலாப்படகில் அவரை ஏற்ற, ஆடும் பலகையின் இருபுறமும் இரண்டு பேர் நிற்க வேண்டியிருந்தது. மின்கலத்தில் ஓடுவதால் டீசல் புகையும் இரைச்சலும் இல்லை. பக்கத்தில் இருப்பவரோடு மெல்லிய குரலில் பேசிக்கொண்டே வரலாம்.

குறைகளையும் சொல்லத்தான் வேண்டும். குளிரூட்டப்பட்ட அறைக்குள் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து பார்க்கிறோம். சன்னல்கள் பெரியவைதான், ஆனாலும் உப்புக்காற்று முகத்தில் படாத கடல் பயணம் அரைப் பயணம்தான் என்று தங்கை சொன்னதை என்னால் மறுக்க முடியவில்லை. சுற்றிக்காட்டித் திரும்பவும் கொண்டுவந்து விடும் ஏற்பாடும் இதில் இல்லை. மறுமுனையில் இறங்கி, புதிதாகச் சீட்டு வாங்கி வரிசையில் நின்றுதான் திரும்ப வேண்டும். விடுமுறை நாள் மாலையில் ஃபோர்ட் கொச்சி முனையத்தில் நாங்கள் ஒரு மணி நேரத்துக்கு மேல் காத்திருந்தோம். பசியோடிருக்கும் நான்கு வயதுப் பிள்ளையை வைத்துக்கொண்டு அது சிறிய விஷயமன்று. டால்பின்களும் கண்ணில் படவில்லை.

காற்று வேண்டும் என்பவர்களுக்கு அரசு நீர்ப்போக்குவரத்துத் துறையின் படகு இருக்கிறது. எர்ணாகுளம் படகுத்துறையிலிருந்து புறப்படும் இவற்றின் பக்கங்கள் திறந்தவை. மீன்கூடையோடு வரும் பெண்கள், கல்லூரி மாணவர்கள், மிதிவண்டிக்காரர் என ஊரே உடன் வருகிறது. படகைச் செலுத்தும் ஸ்ராங்கும், கயிறு கட்டி அவிழ்க்கும் லஸ்கர்களும் நாள்தோறும் அதே தடத்தில் போய் வருகிறவர்கள். அவர்கள் ஒரு பார்வையிலேயே கூட்டத்தை அளந்துவிடுவதைக் கவனித்தேன், இரண்டு இளைஞர்களை ஓரக் கம்பியிலிருந்து உள்ளே வரச் சொன்னதையும் பார்த்தேன். காலை எட்டரை முதல் பத்து வரையும் மாலை ஐந்துக்குப் பிறகும் வேலைக்குப் போய் வருகிறவர்களின் கூட்டம் நெருக்கும். உல்லாசமாகப் போகிறவர்கள் அந்த நேரத்தில் அவர்களுடைய இருக்கையைப் பிடிக்காமல் இருப்பதே முறை. ஏறுவதற்கு ஒரு பெரிய எட்டு வைக்க வேண்டியிருக்கிறது, லஸ்கர் கைகொடுக்கிறார். நானும் மனைவியும் மட்டும் போவதானால், பிற்பகல் இரண்டு மணிவாக்கில் இதில்தான் போவேன்.

மாநில அரசு நிறுவனம் ஒன்றின் சாகர ராணி, நெஃபர்டிட்டி என்ற பெரிய உல்லாசக் கலங்களும் உண்டு. நெஃபர்டிட்டி 200 பேரை ஏற்றிக்கொண்டு கடலுக்குள்ளேயே போவது. உணவும் நிகழ்ச்சியும் சேர்ந்த கட்டணமாதலால் அதை இந்த வரிசையில் வைத்து ஒப்பிடுவது பொருந்தாது. சாகர ராணியில் பல ஆண்டுகளுக்கு முன் அலுவலக நண்பர்களோடு ஒரே ஒருமுறை போயிருக்கிறேன். நல்ல நினைவுதான், ஆனால் அதை வைத்து இன்றைய நிலையைச் சொல்வது சரியாகாது. அதேபோல் நான் பார்த்தது மழை ஓய்ந்த டிசம்பர் நீர். ஆடி மாதக் காற்றில் எந்தப் படகு எப்படி ஆடும் என்பதை இந்த அனுபவத்திலிருந்து யாரும் கணிக்க வேண்டாம்.

ஒழுங்காக ஓட்டும் தனியார் படகுகள் மரைன் டிரைவில் இருக்கின்றன. தொழிலை நம்பி வாழும் அவர்கள் எல்லோரையும் ஒரே தட்டில் வைத்து எடைபோடுவது நியாயமாகாது. அவற்றில் ஏற விரும்புகிறவர்கள் பணம் கொடுக்கும் முன், எத்தனை பேருக்கு அனுமதி என்பது படகில் எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். குழந்தைகளையும் சேர்த்து நீங்களே எண்ணுங்கள். மேலங்கியைக் கேட்டு வாங்கிப் பிள்ளைகளுக்கு அணிவித்துவிட்டுக் கீழ்த்தட்டில் உட்காருங்கள். வாட்டர் மெட்ரோவானாலும் அழிமுகத்தில் கவனம் தேவைதான்: 2015 ஆகஸ்ட் 26 அன்று ஃபோர்ட் கொச்சிக்கும் வைப்பினுக்கும் இடையே சென்ற பயணிகள் படகில் ஒரு மீன்பிடிப் படகு மோதி 11 பேர் இறந்தது அந்த நீரில்தான்.

அடுத்த முறை அம்மாவோடு போகும்போது, பிற்பகல் மூன்று மணிக்கே உயர் நீதிமன்ற முனையத்தில் ஏறி, போல்காட்டியும் பாரந்தூக்கிகளும் தெரியும்படி வலப்பக்கச் சன்னலோரம் அவரை உட்கார வைப்பேன். மறுகரையில் சீன வலைகளைப் பார்த்துவிட்டு, கூட்டம் சேரும் முன்பே, ஐந்து மணிக்குள் வரிசைக்கு வந்துவிட வேண்டும்; எர்ணாகுளம் கரையில் விளக்குகள் ஏற்றப்படும் நேரத்தில் படகு அங்கே சேர்ந்துவிடும்.